கோண்டுவானத்து விலங்கும் குமரிக்கண்டக் கதையும்



மொழியியல் கற்றவருக்கு விலங்கின் எலும்போடு என்ன வேலை என்று உங்களுள் சிலர் எண்ணக்கூடும். சிலிம் ரிவர், துரோலாக், தஞ்சோங் மாலிம் வட்டாரத் தமிழ்ப்பள்ளிகளில் மாணவர்கள் எழுப்பும் வினா ஒன்றே நம்மை இவ்வுரைக்கு இழுத்து வந்தது. "கோண்டுவானா என்னும் பெருங்கண்டம் இருந்தது என்று அறிவியல் கூறுகிறது. அப்படியானால் குமரிக்கண்டமும் உண்மைதானே?" என்பதே அவ்வினா. ஆம் என்று சொல்லிவிடுதல் எளிது. மாணவர் மகிழ்வர், நாமும் மகிழ்வோம். இல்லை என்று ஒரே சொல்லில் முடித்துவிடுதலும் எளிதே. இரண்டுமே அவ்வினாவின் வரலாற்றை மறைத்துவிடும். அவ்வரலாற்றின் நடுவில் நிற்பது ஒரு விலங்கு. பன்றியளவு உடலும், ஆமையினது போன்ற அலகும், மேல்தாடையில் இரண்டு கோரைப்பற்களும் உடைய அவ்விலங்கின் பெயர் லிஸ்ட்ரோசாரஸ். அது வாழ்ந்த காலம் இன்றைக்கு 25 கோடி ஆண்டுகளுக்கு முன்.

வங்காளத்தின் இராணிகஞ்சு நிலக்கரிப் படுகையைத் தமிழர் பலர் அறியார். தாமோதர் ஆறு பாயும் அப்பகுதியில் 18-ஆம் நூற்றாண்டிலேயே கரி தோண்டத் தொடங்கிவிட்டனர். 1850-களில் இந்திய நிலவியல் ஆய்வுத்துறையார் அங்கே பாறை அடுக்குகளை வரிசைப்படுத்தினர். அவர்களுள் வில்லியம் பிளான்போர்டு, என்றி பிளான்போர்டு என்னும் உடன்பிறப்புகள் குறிப்பிடத்தக்கவர்கள். தம்பியாகிய என்றி திருச்சிராப்பள்ளி, அரியலூர்ப் பகுதிகளின் கடற்படிவப் பாறைகளையும் ஆராய்ந்தவர். ஆகவே அவர் தமிழ் மண்ணுக்கும் புதியவர் அல்லர். கரி அடுக்குகளுக்கு மேலே, கரியே இல்லாத பச்சை, சிவப்பு நிறப் பாறைகள் இருந்தன. அருகிலுள்ள பஞ்செட் மலையின் பெயரால் அவை பஞ்செட் அடுக்கு எனப்பட்டன. அவ்வடுக்கிலிருந்து எலும்புத் துண்டுகள் கிடைத்தன.

துண்டுகள் இலண்டனுக்குச் சென்றன. டார்வினின் நண்பரும் உடற்கூற்றியல் வல்லுநருமான தாமசு அக்சிலி அவற்றை ஆராய்ந்து 1865-இல் வெளியிட்டார். தென்னாப்பிரிக்காவில் கிடைத்திருந்த ஒரு விலங்கு வகையே இங்கும் உள்ளது என்பது அவர் கண்ட முடிபு. அவ்வகைக்கு 1845-இல் ரிச்சர்டு ஓவன் 'டைசைனோடான்' என்று பெயரிட்டிருந்தார். கிரேக்கத்தில் 'இரு நாய்ப்பல்' என்று பொருள். அக்சிலி இந்திய விலங்கைக் 'கிழக்கத்திய டைசைனோடான்' எனும் பொருள்பட இலத்தீனில் அழைத்தார். 1870-இல் அமெரிக்கரான எட்வர்டு கோப், தென்னாப்பிரிக்க மண்டையோடு ஒன்றைக் கொண்டு லிஸ்ட்ரோசாரஸ் என்னும் புதிய பேரினப் பெயரை உண்டாக்கினார். அக்சிலியின் பஞ்செட் விலங்கும் பின்னர் இப்பெயருக்குள் வந்தது. 1963-இல் திரிபாதியும் சத்சங்கியும் பஞ்செட்டின் லிஸ்ட்ரோசாரஸ் தொகுதியைப் பற்றி விரிவாக எழுதினர்.

பெயரில் சற்று நிற்போம். நம் தொழில் அது. 'லிஸ்ட்ரான்' என்றால் மண்வாரி, 'சாரஸ்' என்றால் பல்லி. மண்வாரி என்பது பொருத்தமே. இவ்விலங்கு தன் வலிய முன்கால்களால் வளை தோண்டி வாழ்ந்தது என்பதே இன்றைய ஆய்வாளர் பலரின் கருத்து. பல்லி என்பதோ பிழை. பெயரின் ஈற்றைக் கண்டு இதனை டைனோசர் என்று எண்ணும் மாணவர் பலர். டைனோசர்கள் தோன்றுவதற்கு முன்பே இவ்விலங்கு வாழ்ந்து முடிந்தது. அதனினும் முக்கியமானது, இஃது ஊர்வனவற்றின் கிளையைச் சேர்ந்ததே அன்று. கண்ணுக்குப் பின்னே மண்டையோட்டின் ஒவ்வொரு பக்கத்திலும் ஒரே ஒரு துளை கொண்ட முதுகெலும்பிகளின் பெருங்கிளை ஒன்று உண்டு. பசுவும் யானையும் நாமும் அக்கிளையினர். லிஸ்ட்ரோசாரசும் அக்கிளையினதே. பழைய பாடநூல்கள் இத்தகைய விலங்குகளைப் 'பாலூட்டி போன்ற ஊர்வன' என்று எழுதின. அத்தொடர் இன்று கைவிடப்பட்டது. 'பாலூட்டிகளின் தொல்லுறவினர்' என்று நாம் எழுதலாம்.

உறவினர் என்கிறோம், மூதாதை என்று சொல்லவில்லை. இவ்வேறுபாட்டை வகுப்பில் விளக்குவது கடினம். தமிழாசிரியருக்கோ கைவசம் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. தெலுங்கு தமிழிலிருந்து பிறந்ததா என்று கேட்டால், இரண்டும் ஒரு தொல்மொழியிலிருந்து பிரிந்த கிளைகள் என்கிறோம் அல்லவா? அவ்வாறே லிஸ்ட்ரோசாரசும் நம் முன்னோரும் வெவ்வேறு கிளைகள். நம் கிளையினர் சைனோடான்ட் எனப்படும் நாய்ப்பல் விலங்குகள்; அதே காலத்தில் அவையும் சிற்றுருவாய் வளைகளில் வாழ்ந்தன. அக்கிளையில்தான் கோடிக்கணக்கான ஆண்டுகளில் தாடையின் பின்னெலும்புகள் சிறுத்துச் சிறுத்துக் காதினுள் புகுந்தன. இன்று நம் நடுச்செவியிலுள்ள சுத்தி எலும்பும் பட்டை எலும்பும் ஒருகாலத்தில் தாடை மூட்டாக இருந்தவை. மெல்லுதற்கு அமைந்தது கேட்டற்கு ஆயிற்று. பழைய உறுப்பு அழியாமல் புதிய பணியை ஏற்பதை மொழியிலும் காண்கிறோம். 'கொள்' என்னும் வினை 'செய்துகொள்' என்பதில் துணைவினை ஆனது போல.

இவ்விலங்கின் காலம் கொடியது. ஏறத்தாழ 25.2 கோடி ஆண்டுகளுக்கு முன், சைபீரியாவில் எரிமலைக் குழம்பு பெருகி வழிந்து காற்றும் கடலும் கெட்டன. கடல்வாழ் இனங்களுள் பத்தில் எட்டுக்கும் மேற்பட்டவை அழிந்தன, நிலத்திலும் பேரழிவு. புவி வரலாற்றின் மிகப்பெரிய இன அழிவு அதுவே. லிஸ்ட்ரோசாரஸ் பேரினம் அதனைக் கடந்து பிழைத்தது; பிழைத்ததோடு நில்லாமல் பல்கிப் பெருகியது. தென்னாப்பிரிக்காவின் சில படுகைகளில் கிடைக்கும் நிலவிலங்கு எலும்புகளுள் மிகப் பெரும்பாலானவை இதனுடையவையே. எவ்வாறு பிழைத்தது என்பதற்கு வளை தோண்டும் பழக்கம், கிடைத்ததைத் தின்னும் இயல்பு, விரைவில் வளர்ந்து இனம் பெருக்குதல் எனப் பல விடைகள் கூறப்படுகின்றன. 2020-இல் மேகன் விட்னி, கிறிஸ்டியன் சைடர் ஆகிய இருவரும் கோரைப்பல்லை மெல்லிய சீவலாக வெட்டி ஆராய்ந்தனர். அப்பல் வாழ்நாள் முழுதும் வளர்வது; மரத்தின் ஆண்டு வளையம் போன்ற கோடுகள் அதில் பதிந்திருக்கும். தென்துருவப் பகுதியில் வாழ்ந்த விலங்கின் பற்களில், தென்னாப்பிரிக்கப் பற்களில் காணாத தடித்த கோடுகள் இருந்தன. இருள் சூழ்ந்த துருவக் குளிர்காலத்தில் அவ்விலங்கு உடலியக்கத்தைக் குறைத்து ஒருவகை உறக்கத்தில் கிடந்திருக்கலாம் என்பது அவர்கள் கருத்து. பால்மரத்தின் பட்டையில் வெட்டுத்தடத்தைப் பார்த்தே மரம் எத்தனை ஆண்டு சீவப்பட்டது என்று சொல்லிவிடும் பெரியவர்கள் நம் தோட்டங்களில் இருந்தனர். அவர்களுக்கு இவ்வாய்வு வியப்பளித்திராது.

இனி, கண்டங்களின் கதைக்கு வருவோம்.

அக்சிலியின் வெளியீட்டுக்கு ஓராண்டு முன்னர், 1864-இல், பிலிப் சிலேட்டர் என்னும் விலங்கியலார் மடகாசுகரின் பாலூட்டிகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். லெமூர் எனப்படும் மந்தி வகையின் உறவினங்கள் மடகாசுகரிலும் ஆப்பிரிக்காவிலும் இந்தியாவிலும் காணப்படுவது எவ்வாறு? இடையில் ஒரு நிலம் இருந்து மூழ்கியிருக்க வேண்டும் என்று கருதி, அதற்கு 'இலெமூரியா' என்று பெயர் வைத்தார். நிலம் இருந்த இடத்திலேயே இருக்கும், எழும் அல்லது அமிழும், பக்கவாட்டில் நகராது என்பதே அக்காலத்து எண்ணம். ஆகவே இரு கரைகளில் ஒரே உயிர் காணப்பட்டால் நடுவே மூழ்கிய நிலத்தைக் கற்பிப்பதைத் தவிர அவர்களுக்கு வேறு வழி இல்லை. 1875-இல் என்றி பிளான்போர்டு, இந்தியாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் உள்ள தாவரப் படிவங்களையும் பஞ்செட் விலங்குகளையும் ஒப்பிட்டு, இந்தியப் பெருங்கடலில் பழங்கண்டம் ஒன்று இருந்தது என வாதிட்டார். ஆக, நம் பஞ்செட் விலங்கு முதலில் மூழ்கிய கண்டத்திற்கே சான்றாளராக நின்றது. இதனை மறைத்துப் பேசினால் வரலாறு ஒருபக்கமாகிவிடும். இலெமூரியாவை அன்று நம்பியவர்கள் மூடர் அல்லர். தம் காலத்து அறிவியலையே பேசினர்.

செருமானிய அறிஞர் எர்ன்சுட்டு ஹெக்கல் இலெமூரியாவை மனித இனத்தின் தொட்டில் என்றார். 1885-இல் சென்னை மாகாண ஆட்சிக் கையேட்டில் சார்லசு மெக்லீன் இக்கருத்தை எடுத்தெழுதித் தென்னிந்தியரோடு இணைத்துக் காட்டினார். அங்கிருந்தே அது தமிழறிஞர் கைக்கு வந்தது. அவர்களிடம் முன்பே வேறொரு மரபு இருந்தது. கடல்கோளைச் சங்க இலக்கியமும் சிலப்பதிகாரமும் பேசுகின்றன. சிலப்பதிகார உரையாசிரியர் அடியார்க்கு நல்லார், பஃறுளியாற்றுக்கும் குமரியாற்றுக்கும் இடையே எழுநூற்றுக் காவதப் பரப்பில் நாற்பத்தொன்பது நாடுகள் இருந்து கடல்கொண்டன என்று எழுதினார். 'குமரிகண்டம்' என்னும் சொல்லோ கந்தபுராணத்தில் வருவது. ஆங்கு அது பாரதத்தின் ஒன்பது பகுதிகளுள் ஒன்று, மூழ்கிய நாடன்று. உரையாசிரியரின் செய்தி, புராணத்தின் பெயர், ஐரோப்பியரின் கருதுகோள் ஆகிய மூன்றும் ஓரிடத்தில் கூடிப் பிணைந்தன. 20-ஆம் நூற்றாண்டுப் பாடநூல்களில் நாம் படித்த குமரிக்கண்டம் இப்பிணைப்பில் பிறந்தது.

அதே 1885-இல் ஆசுதிரிய நிலவியலார் எட்வர்டு சூசு, 'கோண்டுவானா நிலம்' என்னும் பெயரைத் தென்கண்டங்களின் தொகுதிக்கு வழங்கினார். அவரும் இடையிலிருந்த நிலங்கள் மூழ்கின என்றே எண்ணினார். பெயர் மட்டும் அவருடையது அன்று. இந்திய நிலவியல் ஆய்வுத்துறையின் மெட்லிகாட் 1872-இல் ஆண்ட பெயர் அது. 1876-இல் பீசுட்மாண்டல் அதனை அச்சேற்றினார். நடு இந்தியாவில் கோண்டர் வாழும் காட்டுநிலம் என்பது பொருள்.

கோண்டர் யார்? கோண்டி மொழி பேசுவோர். கோண்டி ஒரு திராவிட மொழி. 2011 கணக்கெடுப்பின்படி அதனைத் தாய்மொழியாகக் குறித்தவர் ஏறத்தாழ 30 இலட்சம். கால்டுவெல் 1856-இல் தம் ஒப்பிலக்கணத்தில் தமிழோடும் தெலுங்கோடும் கோண்டியையும் ஒரே குடும்பத்தில் வைத்தார். தமிழில் மூன்று, கோண்டியில் 'மூண்டு'. தமிழில் கை, அங்கும் 'கை'. ஐந்தும் ஆறும் சுவையானவை. கோண்டியில் அவை 'சைய்யுங்', 'சாருங்' என வழங்கும். முதலிலுள்ள சகரம் தொல்திராவிடத்தில் இருந்தது. தமிழில் அது தேய்ந்து மறைய 'ஐந்து', 'ஆறு' என நின்றன. எழுத்து வழக்கு பெரிதும் இல்லாது வாழ்ந்த காட்டு மக்களின் நாவில், நம் செவ்வியல் மொழி இழந்த ஒலி உயிரோடு இருக்கிறது. உலகெங்கும் நிலவியலார் நாள்தோறும் உச்சரிக்கும் சொல்லுக்கு மூலமான அம்மக்களைப் பற்றி நம் பாடநூல்களில் எத்தனை வரிகள் உள்ளன என்று ஆசிரியர்கள் எண்ணிப் பாருங்கள். கடலுக்கடியில் உறவைத் தேடிய நாம் தரைமேல் வாழும் உறவை மறந்தோம் என்பதே நம் குறை.

கோண்டர் நாட்டு மண்ணிலும் நம் விலங்கின் உறவினங்கள் கிடைத்துள்ளன. பிராணிதா, கோதாவரி ஆறுகளின் பள்ளத்தாக்கில் கல்கத்தாவின் இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தார் 1950-களின் இறுதி முதல் அகழ்ந்தனர். நிறுவனர் மகலனோபிசின் அழைப்பில் வந்த பமேலா ராபின்சன் அப்பணிக்கு வழிகாட்டினார். எர்ரபள்ளிப் பாறையில் கிடைத்த பருத்த இருகோரைப்பல் விலங்குக்கு 1970-இல் நிலவியலறிஞர் வாடியாவின் நினைவாக 'வாடியாசாரஸ்' என்று பெயரிட்டனர். மலேரிப் பாறையில் கிடைத்த சைனோடான்டு ஒன்றுக்கு 1982-இல் சங்கர் சாட்டர்ஜி புள்ளியியலின் பெயரையே சிற்றினப் பெயராகச் சூட்டினார். கணக்கியல் துறையின் பெயரைத் தாங்கும் தொல்விலங்கு உலகில் வேறு உண்டோ!

1912-இல் ஆல்பிரடு வெகனர் கண்டங்கள் நகர்ந்தன என்றார். நிலவியலார் பலர் நகைத்தனர். எவ்விசை நகர்த்தியது என்பதற்கு அவரிடம் தக்க விடை இல்லை. அறுபதுகளில் கடலடித் தரையை ஆராய்ந்தபோது காற்று திரும்பியது. நடுக்கடல் மலைத்தொடர்களில் புதிய தரை பிறந்து இருபுறமும் விலகிச் செல்வது தெரிந்தது. எனினும் எலும்பின் சான்று தனி வலிமை உடையது. 1969 டிசம்பரில், அண்டார்க்டிகாவின் கோல்சாக் குன்றில் எட்வின் கோல்பெர்ட்டும் உடன்சென்றோரும் எலும்புகளைக் கண்டனர். அவற்றுள் லிஸ்ட்ரோசாரஸ் இருந்தது. தென்னாப்பிரிக்கா, வங்காளம், பனி மூடிய தென்துருவம் ஆகிய மூன்று இடங்களிலும் ஒரே விலங்கு! பன்றி போன்ற நிலவிலங்கு ஆயிரக்கணக்கான கல் தொலைவு பெருங்கடலை நீந்திக் கடக்க இயலாது. சீனத்திலும் உருசியாவிலும்கூட அதன் எலும்புகள் உண்டு. ஏனெனில் அக்காலத்தில் எல்லாக் கண்டங்களும் ஒன்றாய் இணைந்திருந்தன.

மூழ்கிய நிலத்தாலும் இதனை விளக்கலாமே என்று கூர்ந்த மாணவர் ஒருவர் கேட்பார், கேட்க வேண்டும். அதற்கு விடை கடலடியில் உள்ளது. கண்டத்தின் பாறை இலேசானது, பருமன் மிக்கது. கடலடிப் பாறை கனமானது, மெல்லியது. கண்டம் ஒன்று மூழ்கியிருந்தால் அதன் இலேசான பாறை கடலடியில் பரந்து கிடக்க வேண்டும். குமரிமுனைக்குத் தெற்கே விரிந்த ஆழ்கடலின் தரை கடலடிப் பாறையே. ஆகவே கோண்டுவானா உண்மையானதால் இலெமூரியா உண்மையாகிவிடவில்லை. கோண்டுவானா நகர்ந்து பிரிந்தது தெரிந்ததும் இலெமூரியாவுக்குத் தேவையே இல்லாமற் போயிற்று. ஒருகாலத்தில் மூழ்கிய கண்டத்திற்குச் சான்று சொன்ன விலங்கே பின்னர் அதனை விலக்கிய சான்றுகளுள் ஒன்றாயிற்று.

காலக் கணக்கையும் வகுப்பில் காட்டலாம். 25 கோடி ஆண்டுகளை ஓர் ஆண்டாகச் சுருக்குவோம். சனவரி முதல் நாள் லிஸ்ட்ரோசாரஸ் மேய்கிறது. ஆகஸ்டு இறுதியில் இந்தியா மடகாசுகரை விட்டுப் பிரிகிறது. அக்டோபரில் ஆசியாவை முட்டுகிறது. டிசம்பர் 31 நண்பகல் கடந்தபின்னரே நம் மனித இனம் தோன்றுகிறது. தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுகள் நள்ளிரவுக்கு ஐந்து நிமிடம் இருக்கையில் பொறிக்கப்படுகின்றன. கோண்டுவானத்தில் தமிழ் பேசியவர் எவரும் இருந்திருக்க இயலாது.

எனின், கடல்கோள் மரபு முழுதும் பொய்யா? அவ்வாறு சொல்ல மாட்டோம். ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியூழியின் உச்சத்தில், கடல்மட்டம் இன்றைக்கு 120 மீட்டர் அளவு தாழ்ந்திருந்தது. தமிழகமும் ஈழமும் நிலத்தால் இணைந்திருந்தன. பனி உருகக் கடல் ஏறிக் கரையோர நிலத்தைக் கொண்டது. சு. கி. ஜெயகரன் என்னும் தமிழ் நிலவியலார் 'குமரி நில நீட்சி' என்னும் நூலில் இதனை விரிவாக ஆராய்ந்திருக்கிறார். ஆசிரியர்கள் தேடிப் படிக்க வேண்டும். கடல் கொண்ட கரை உண்மை. கடலில் மூழ்கிய கண்டம் கற்பனை. புலவர் நினைவில் நின்றது எந்தக் கடல்கோள் என்பது தனி ஆய்வு. நம் கருத்தில், நாற்பத்தொன்பது நாடுகளின் பட்டியலை நிலப்படமாக வரைவதைவிட, இழப்பைப் பற்றிய இலக்கிய நினைவாக மாணவரோடு படிப்பதே அவ்வுரைக்குச் செய்யும் மதிப்பு.

அதே பனியூழியில் மலாக்கா நீரிணையும் இருக்கவில்லை. தீபகற்பம், சுமத்திரா, சாவகம், போர்னியோ யாவும் ஒரே நிலம். சிலிம் ரிவரிலிருந்து சுமத்திராவுக்குக் கால்நடையாகவே சென்றிருக்கலாம்.

சிலிம் ரிவர் மண்ணுக்குக் கோண்டுவானத்தில் பங்கு உண்டா என்றும் மாணவர் கேட்பர். உண்டு. திதிவங்சா மலைத்தொடருக்கு மேற்கே உள்ள மலாயா, பர்மாவின் கிழக்குப்பகுதி, சுமத்திரா ஆகியவை சேர்ந்த ஒரு நீண்ட நிலத்துண்டு கோண்டுவானத்தின் ஓரத்தில் ஒட்டியிருந்தது. சீனம், பர்மா, மலாயா, சுமத்திரா ஆகிய பெயர்களின் முதலெழுத்துகளைக் கோத்து, இயன் மெட்காப் 1984-இல் அதற்குச் 'சிபுமாசு' என்று பெயர் புனைந்தார். லிஸ்ட்ரோசாரஸ் வாழ்வதற்கு முன்னரே அத்துண்டு கோண்டுவானத்தை விட்டுப் பிரிந்து வடக்கே நகரத் தொடங்கிவிட்டது. பின்னர், இன்றைய பகாங் முதலிய கிழக்குப் பகுதிகள் அடங்கிய மற்றொரு துண்டோடு மோதி இணைந்தது. இணைந்த தழும்பு பெந்தோங், ரவுப் ஊர்களின் வழியே செல்கிறது. அம்மோதலின் விளைவாகக் கீழே உருகிய பாறை, 20 கோடி ஆண்டுகளுக்கும் முன்னே கருங்கல்லாக இறுகித் திதிவங்சாவின் உடலாயிற்று; அதனோடு வந்ததே பேராக்கின் ஈயம். ஈப்போவைச் சுற்றி நிற்கும் சுண்ணாம்புக் குன்றுகள் அதனினும் பழையவை. சிபுமாசு வெதுவெதுப்பான கடலில் கிடந்த காலத்தில் கடலுயிர்களின் ஓடுகள் படிந்து உண்டானவை. லிஸ்ட்ரோசாரசின் எலும்பை அக்குன்றுகளில் தேட வேண்டா. கிந்தாப் பள்ளத்தாக்குக்குக் கல்விச் சுற்றுலா செல்லும் ஆசிரியர்கள், அக்குன்றுகளை மாணவருக்குக் காட்டலாம்.